இடது கை முதலில்

இருட்டில் ஒரு கை நீளும். அது இடது கையாக இருக்க வேண்டும்.

மேடையின் ஓரத்தில், கறுப்புத் திரைக்குப் பின்னால், ஒரு ஆள் படுக்கிற அளவுக்கு இடம். அங்கேதான் எனக்கு வேலை. என் தங்கை மேடையில் கல்யாண விருந்துப் பாட்டைப் பாடி முடித்துவிட்டுச் சிவப்பு கவுனோடு ஓடி வருவாள். சாம்பல் நிறக் கோட்டோடு திரும்பிப் போக வேண்டும். நாலு மூச்சு இழுப்பதற்குள் முடிக்க வேண்டிய காரியம். விளக்கு கிடையாது, பேச்சு கிடையாது. நான் முதுகுக் கொக்கிகளைக் கழற்றுவேன், கவுன் காலடியில் விழும், அவள் அதைத் தாண்டி நின்று இடது கையை நீட்டுவாள். வலது கையால் தலைமுடிக்குள் ஒட்டியிருக்கும் மைக்கைப் பிடித்துக்கொண்டிருப்பாள், அதனால்தான் இடது முதலில். கோட்டின் பையில் ஒரு சாவி இருக்க வேண்டும். நாடகத்தில் கப்பலேறிப் போகிற மகனிடம் அவள் கொடுக்கப்போகிற வீட்டுச் சாவி. அதைக் கையில் வைத்துக்கொண்டுதான் பாட்டே. சாவியைப் பையில் போட்டு வைப்பதும் என் பொறுப்பு.

என்னைக் கண்ணைக் கட்டிக் காட்டில் விட்டால் முழிப்பேன். கண்ணைக் கட்டி அந்தத் திரைக்குப் பின்னால் விட்டால் ஒரு கொக்கிகூடத் தப்பாது. அவ்வளவு கர்வம் எனக்கு.

ஒரு மதியக் காட்சியில், இருட்டில் வலது கை நீண்டது. அப்படித்தான் எனக்குத் தெரிந்தது. நான் கோட்டைப் பிடித்தபடி நிற்கிறேன், அவள் தடுமாறுகிறாள், இரண்டு பேரும் ஒரே கையில் முட்டி மோதுகிறோம். எப்படியோ மாட்டிக்கொண்டு போய்விட்டாள். அவள் பாடி முடித்துத் திரும்பும் வரை நான் கழற்றிய கவுனை மார்போடு அணைத்தபடியே நின்றேன்.

கை மாறியதற்கா இவ்வளவு பயம் என்று கேட்பீர்கள். எங்கள் அம்மாவுக்கும் இப்படித்தான் ஆரம்பித்தது. ஒரு நாள் செருப்பைக் கால் மாற்றிப் போட்டுக்கொண்டு நின்றாள், சிரித்தோம். அப்புறம் எங்கள் வீட்டு வாசலில் நின்றுகொண்டே எங்கள் வீட்டுக்கு வழி கேட்டாள். அப்புறம் ஒரு நாள் காணாமல் போனாள், தேடிக் கூட்டிவந்தோம். அப்புறம் எங்கள் இருவரையும் பார்த்து, "நீங்க யார் வீட்டுப் பொண்ணுங்க?" என்று மரியாதையாக விசாரித்தாள். கடைசியில் மிஞ்சியது கைகள் மட்டும். எந்தத் துணியைக் கொடுத்தாலும் ஓரத்தோடு ஓரம் சேர்த்து மடிப்பாள். பிரித்துக் கொடுத்தால் திரும்ப மடிப்பாள். அம்மா எங்கேயோ போய்விட்டாள், கைகள் மட்டும் வீட்டோடு இருந்தன.

இப்போது அது தங்கையைத் தேடி வந்துவிட்டது என்று நினைத்தேன். எனக்கு வந்தாலாவது பரவாயில்லை, நான் துணி மாட்டிவிடுகிறவள். ஒரு கொக்கி தப்பும், ஒரு பொத்தான் தப்பும். அவளுக்கு வந்தால்? ஆயிரம் பேர் பார்த்துக்கொண்டிருக்க, நடு மேடையில், வாயைத் திறந்துகொண்டு, ஒன்றும் வராமல் நிற்பாளே. அந்தக் காட்சியை நினைத்து நினைத்து எனக்குச் சோறு இறங்கவில்லை.

அவள் பேர் அரங்கத்து வாசலில் ஆள் உயர எழுத்தில் இருக்கிறது. எனக்கு அவள் குட்டி. ஐம்பத்திரண்டு வயதுக் குட்டி. அரங்கத்தில் எல்லோருக்கும் நான் அக்கா. அவள் கூப்பிட்டுக் கூப்பிட்டு அதுவே என் உத்தியோகப் பேராகிவிட்டது.

எனக்கு ஞாபகம் என்றால் ஞாபகம். குட்டி நடித்த ஒவ்வொரு நாடகத்தையும் துணியை வைத்தே சொல்லுவேன். முதல் நாடகத்தில் மஞ்சள் சட்டை, பதினேழு வயசு, கூட்டுப் பாடகர்களில் மூன்றாம் வரிசை, ஒரு அட்டைத் தூணுக்குப் பின்னால். நானும் அம்மாவும் டிக்கெட் வாங்கிப் போய் அவள் முழங்கையைப் பார்த்துவிட்டு வந்தோம். "முழங்கை நல்லா நடிச்சுது" என்றாள் அம்மா. அடுத்தது பழக்காரியின் பச்சைப் பாவாடை. ஒரே ஒரு வரி தனியாகப் பாட்டு. அந்த ஒரு வரிக்காகவே ஆட்கள் திரும்பிப் பார்த்தார்கள். அதன் பிறகு பத்துப் பன்னிரண்டு வருஷம் காதல் நாயகி. வெள்ளை, ரோஜா, வெளிர்நீலம் என்று விதவிதமான கவுனில் காதலித்துக் காதலித்தே அவளுக்கு மூட்டு வலி வந்தது.

அப்புறம் நீலக் கோட்டு. போரில் தம்பியைத் தேடி அலைகிற டீச்சராக வந்தாள். அந்த நாடகம் வருஷக்கணக்கில் ஓடியது. தெருவில் நடந்தால் முன்னால் போகிறவர்கள் அவள் பாட்டை முணுமுணுத்துக்கொண்டு போவார்கள், பின்னால் வருகிறவள்தான் பாடினவள் என்று தெரியாமல். அதில் அவள் இடது கையில் லாந்தர் விளக்கு இருக்கும். அதனால் அந்தக் கோட்டுக்கு மட்டும் வலது கை முதலில்.

நாற்பதைத் தாண்டியதும் போனுக்கு மணி அடிக்கவே மறந்துபோயிற்று. காதலிக்க வயசு போய்விட்டது, பாட்டியாக நடிக்க வயசு வரவில்லை. சோப்புத்தூள் விளம்பரத்துக்குப் பாடினாள், பிள்ளைகளுக்குப் பாட்டுச் சொல்லிக் கொடுத்தாள், சமையலறையில் நின்று சத்தமில்லாமல் அழுதாள். மேலே எட்டிப் பிடித்த குரல் கீழே இறங்கிக்கொண்டே வந்தது. அந்த இறங்கின குரல்தான் இந்தத் துறைமுகத்துத் தாய் வேஷத்தைக் கொண்டுவந்து கொடுத்தது. "இதான்க்கா கடைசி. இதுக்கப்புறம் எனக்குன்னு யாரும் எதையும் எழுத மாட்டாங்க" என்றாள், ஒப்பந்தம் ஆன அன்றைக்கு. அது போனால் எல்லாம் போனது என்று அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

ஆகவே, அந்த வலது கைக்குப் பிறகு நான் அவளைக் கண்கொத்திப் பாம்பாகக் கவனிக்கத் தொடங்கினேன்.

தேடினால் கிடைக்காமலா போகும்? காலையில் காபியை என் கையில் கொடுத்துவிட்டு, "அக்கா, இன்னைக்கு என்ன கிழமை?" என்று கேட்பாள்.

"வியாழக்கிழமை."

என்னையே பார்த்துக்கொண்டிருப்பாள். "சரி. நேத்து என்ன சாப்ட்டோம்?"

"ஏன்டி, திங்கறதுமா மறந்துபோகும்?" என்று கடிந்துகொள்வேன். கடிந்துகொண்டபின் உள்ளே போய்ச் சுவரைப் பார்த்து நிற்பேன். இப்படித்தானே அம்மாவும் கிழமையைக் கேட்டுக்கொண்டே இருந்தாள்.

கடைக்கு நான் கிளம்பினால் அவளும் செருப்பை மாட்டிக்கொள்வாள். தனியாக வீட்டில் இருக்கப் பயப்படுகிறாள் என்று நினைத்துக்கொண்டேன். ஒரு நாள் பால் பாத்திரம் அடிப்பிடித்துக் கரியாகிக் கிடந்தது. வீடெல்லாம் புகை. இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். பாவம், மனசு கஷ்டப்படுமே என்று நானே உட்கார்ந்து தேய்த்தேன். மறுநாளிலிருந்து, "அடுப்பை நான் பாத்துக்கறேன், நீ உக்காரு" என்று என்னைச் சமையலறையிலிருந்து விரட்டினாள். வீம்பு என்று நினைத்தேன். சாம்பல் கோட்டின் இடது கைக்குள் சிவப்பு நூலால் கொட்டை கொட்டையாகத் தைத்து வைத்தாள். அடையாளம் வைத்துக்கொள்கிறாள், பாவம், என்று அதற்கும் பரிதாபப்பட்டேன்.

மேடையில் நடந்ததுதான் பெரிது. சாவிப் பாட்டுக்கு முன்னால் இசைக்குழு ஒரு சின்ன மெட்டை வாசிக்கும். நாலே நாலு அடி. அவள் நடந்துபோய் மகன் முன்னால் நின்று வாயைத் திறக்கும் வரைக்கும் அந்த நாலு அடியையே திரும்பத் திரும்ப வாசித்துக்கொண்டிருப்பார்கள். 'சுற்று' என்பார்கள் அதற்கு. மேடைக்கு முன்னால், கீழே பள்ளத்தில் நின்று இசைக்குழுவை நடத்துகிறவருக்கு நான் வைத்த பேர் குச்சிக்காரர். அவர் குச்சியை ஆட்டிக்கொண்டே குட்டியின் உதட்டைப் பார்த்துக்கொண்டிருப்பார். வழக்கமாக இரண்டு சுற்றில் அவள் பாட்டை எடுத்துவிடுவாள்.

இப்போதெல்லாம் மூன்று, நாலு என்று போயிற்று. அந்த நேரம் முழுக்க அவள் மகனைப் பார்ப்பதில்லை. மேடையோரம், நான் நிற்கிற இருட்டைப் பார்ப்பாள். கெஞ்சுகிற மாதிரி பார்ப்பாள். வரி மறந்துவிட்டது, எடுத்துக்கொடு என்று கேட்கிறாள் என்று எனக்குப் புரிந்தது. நானும் வெளிச்சம் விழுகிற இடத்துக்குத் தள்ளி நின்று, உதட்டை நன்றாக அசைத்து முதல் வரியைச் சொல்லிக் கொடுப்பேன். சத்தம் வராமல்தான். அவள் முகம் இன்னும் வெளுக்கும். ஒரு நாள் முதல் சரணத்தையே இரண்டு தடவை பாடிவிட்டு வந்தாள். வந்ததும் என்னை இறுகப் பிடித்துக்கொண்டாள். உடம்பு நடுங்கியது. என்னுடையதா அவளுடையதா என்று தெரியவில்லை.

திரை இழுக்கிறவர் எனக்கென்று ஒரு நாற்காலி கொண்டுவந்து போட்டது அந்த நாட்களில்தான். "உக்காருங்கக்கா" என்றார். "நான் என்ன கிழவியா? எடுத்துட்டுப் போங்க" என்று எரிந்து விழுந்தேன். அவர் எடுக்கவில்லை. நான் உட்காரவும் இல்லை.

இப்படி இருக்கும்போது ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியக் காட்சி. அரங்கம் நிறைந்திருந்தது. விருந்துப் பாட்டு முடிந்து குட்டி ஓடி வந்தாள். கொக்கிகளைக் கழற்றினேன். கவுன் விழுந்தது. மறுபடி வலது கை. எனக்குக் கோபம் தலைக்கேறியது. விரலைப் பிடித்து நான் நினைத்தபடி கோட்டுக்குள் திணித்தேன். அவள் காதோரம், "அக்கா… அக்கா…" என்றாள். பேசவே கூடாத இடம் அது. "போடி" என்று முதுகில் கைவைத்துத் தள்ளினேன்.

அவள் வெளிச்சத்துக்குள் போனாள். சுற்று தொடங்கியது.

ஒரு சுற்று. இரண்டு. பையில் கையை விட்டாள். வெளியே எடுக்கவில்லை. மூன்று. மகனாக நடிக்கும் பையன் கையை நீட்டியபடியே நிற்கிறான், அவன் கழுத்தில் வேர்வை மினுங்குகிறது. நாலு. குச்சிக்காரர் குனிந்து நிமிர்ந்து பார்க்கிறார். குட்டி திரும்பி என்னைப் பார்த்தாள். நான் உதட்டை அசைத்தேன். அவள் கண் பெரிதாகிக்கொண்டே போயிற்று. ஐந்து. அந்த நாலு அடி மெட்டு கிணற்றுக்குள் விழுந்த வாளி மாதிரி சுற்றிச் சுற்றி இடித்துக்கொண்டிருந்தது. யாரோ ஒருவர் இருமினார். முடிந்தது, என் குட்டி முடிந்தாள் என்று நினைத்தேன்.

அப்போது பாடினாள். நாடகத்தில் இல்லாத வரி.

"சாவி எதுக்கு, மகனே, பூட்டாத வீட்டுக்கு? நீ தட்டவும் வேண்டாம், தள்ளினால் போதும்."

வெறும் கையை மகனின் கையில் வைத்தாள். பையன் நிஜமாகவே அழுதுவிட்டான். அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. நானும் தட்டினேன், முகமெல்லாம் கண்ணீரோடு. தப்பித்தோம். ஆனால் எத்தனை நாளைக்கு?

மறுநாள் துணி அறைக்குப் போனேன். கதவைத் திறந்ததும் பார்த்தேன்: சாம்பல் கோட்டைப் போட்டுக்கொண்டு நிழல் நின்றாள். நிழல் என்பது குட்டிக்கு மாற்றாக வைத்திருக்கும் பெண். குட்டிக்குக் காய்ச்சல் வந்தால் மேடையேற வேண்டியவள். தினமும் ஓரத்தில் நின்று பாட்டெல்லாம் பாடிப் பழகுவாள். தையல்காரர் மண்டியிட்டு அவள் இடுப்பளவுக்குக் கோட்டில் ஊசி குத்திக்கொண்டிருந்தார்.

"எரியற வீட்ல பிடுங்கினது லாபமா?" என்று கத்தினேன்.

நிழலுக்குக் கண் கலங்கிவிட்டது. "இல்லக்கா… அடுத்த மாசத்துலேந்து நான்தானாம். அவங்களே ஆபீஸ்ல போய்ச் சொல்லிட்டாங்களாம், ஞாபகம் சரியில்லன்னு."

குட்டியே சொன்னாளா? என்னிடம் ஒரு வார்த்தை சொல்லாமல்? இரண்டிரண்டு படியாகத் தாவி மேடை மேலாளர் உட்காரும் மேஜைக்குப் போனேன். அவரைக் கடிகாரம் என்றுதான் எல்லோரும் கூப்பிடுவோம். காட்சிக்கு இன்னும் எவ்வளவு நேரம் என்று ஒலிபெருக்கியில் சொல்லிக்கொண்டே இருப்பது அவர் வேலை. நல்ல மனுஷர். என்னைக் கண்டதும் எழுந்தார்.

"தம்பி, உங்களைக் கைகூப்பிக் கேக்கறேன். அவளை எடுத்துடாதீங்க. நேத்து எப்படிப் பாடினா பாத்தீங்க இல்ல? கொஞ்சம் மறதி, அவ்வளவுதான். நான் பக்கத்துலயே இருந்து பாத்துக்கறேன்."

"அக்கா, உக்காருங்க."

"உக்கார மாட்டேன். கையை மாத்தி நீட்டறா, வாஸ்தவம்தான். சாவியை விட்டுட்டா, வாஸ்தவம்தான். அதுக்காக…"

"சாவியைப் பையில போடறது யாரு அக்கா?"

போட்டேனே. போட்டேனா?

அவர் என்னை நேராகப் பார்க்கவில்லை. "அவங்க தன்னோட தப்புன்னுதான் சொல்றாங்க. கோட்டை மாத்திக் கேட்டது நான்தான்னு எழுதியே குடுத்திருக்காங்க. நானும் கம்முனு இருந்துட்டேன். ஆனா அவங்க இடம் போறதைப் பாத்துட்டு எனக்குத் தூக்கம் வரல." மேஜையில் இருந்த சின்னத் திரையை என் பக்கம் திருப்பி, நேற்றைய காட்சியை ஓடவிட்டார். இருட்டில் பார்க்கிற கேமரா ஒன்று அரங்கத்தில் உண்டு. மேடையோரத்தில் யாராவது விழுந்தால் தெரிய வேண்டும் என்று வைத்தது. அதில் எல்லாம் சாம்பலும் பச்சையுமாகத் தெரியும், ஆட்களின் கண்கள் பூனைக் கண்ணாக மின்னும்.

ஒரு கிழவி நின்றுகொண்டிருந்தாள். யாரிது என்று பார்த்தேன். நான்.

ஆணியில் சாம்பல் கோட்டு தொங்குகிறது. அதை எடுக்கிறேன், முகர்ந்து பார்க்கிறேன், பெட்டிக்குள் மடித்து வைக்கிறேன். வெளியே போகிறேன். இன்னொரு கோட்டோடு வந்து அதே ஆணியில் மாட்டுகிறேன். கேமராவில் நிறம் தெரியாது. ஆனால் அந்தக் கழுத்துப் பட்டையை நானே தைத்தேன், எனக்குத் தெரியாதா? நீலக் கோட்டு. பழைய துணிகள் வைக்கும் அறையிலிருந்து எடுத்து வந்திருக்கிறேன். குட்டி ஓடி வருகிறாள். இடது கையை நீட்டுகிறாள். தெளிவாக, அழகாக, இடது கை. நான் அதைத் தட்டிவிட்டு வலது கையைப் பிடித்து இழுக்கிறேன்.

அதோடு நின்றிருந்தாலாவது பரவாயில்லை. அவள் மேடைக்குப் போனபின் அந்தக் கிழவி உதட்டை அசைத்துக்கொண்டு முன்னால் நடக்கிறாள். வெளிச்சத்துக்கு ஒரு அடி இருக்கும்போது திரை இழுக்கிறவர் வந்து தோளைப் பிடித்துப் பின்னால் இழுக்கிறார். கிழவி அவர் கையைக் கடிக்கிறாள். அவர் விடவில்லை.

எனக்கு அது ஞாபகமே இல்லை. ஒரு துளிகூட இல்லை. அந்த நேரம் முழுக்க நான் ஓரத்தில் நின்று அழுதுகொண்டிருந்ததாக அல்லவா நினைத்தேன்?

திரை இழுக்கிறவர் அன்றைக்குக் காட்சி முடிந்ததும் கையில் துணி சுற்றியிருந்தார். "என்ன, எங்க இடிச்சுக்கிட்டீங்க?" என்று நானே விசாரித்திருக்கிறேன். "கதவுல மாட்டிக்கிச்சுக்கா" என்றார். அதை நினைத்ததும், உட்கார மாட்டேன் என்றவள் தரையிலேயே உட்கார்ந்தேன். இவ்வளவு நாள் நான் பயந்து பயந்து தேடிய ஆள் என் சட்டைக்குள்ளேயே இருந்திருக்கிறாள்.

குட்டி அலங்கார அறையில் கண்ணாடி முன்னால் இருந்தாள். நான் உள்ளே நுழைந்ததும் கண்ணாடியிலேயே என் முகத்தைப் பார்த்துப் புரிந்துகொண்டாள்.

"காட்டிட்டாரா?"

"கிழமை கேட்டியே தினமும்…"

"உன்னைச் சோதிக்கத்தான்." திரும்பி என்னை நேராகப் பார்த்தாள். "பாதி நாள் சரியாச் சொல்லுவே. பாதி நாள் நம்ம நீலக் கோட்டு நாடகத்துக்கு நேரமாச்சுன்னு கிளம்புவே."

"பால் பாத்திரம்?"

அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

"அப்ப மேடையில ஏன்டி என்னையே பாத்தே? வரி மறந்துதானே? நான் எடுத்துக் குடுத்தேனே!"

"நீ எடுத்துக் குடுத்தது இந்தப் பாட்டு இல்லக்கா. நீலக் கோட்டுப் பாட்டு. உன் உதட்டைப் பாத்தா எனக்கு ஓடற வரியும் நின்னுடும். அதனாலதான் ஒரு நாள் ஒரே சரணத்தை ரெண்டு தரம் பாடிட்டேன்." எழுந்து வந்து என் கைகளைப் பிடித்தாள். "நான் வரிக்காகப் பாக்கல. நீ அங்க இருக்கியான்னு பாத்தேன். ஒரு தடவை நான் பாடிட்டு வர்றதுக்குள்ள பின்கதவு வழியா ரோட்டுக்குப் போயிட்டே. வண்டிங்க ஓடற ரோடு. உன்னைக் கண்ணால பாத்தாத்தான் எனக்கு வாயே தெறக்கும்."

எனக்கு வந்ததே கோபம். பயத்தை மூடிவைக்க எனக்குத் தெரிந்த ஒரே மூடி அதுதான். "உனக்கு மூளை கீளை இருக்காடி? முப்பத்தஞ்சு வருஷமா மூணாவது வரிசைத் தூணுக்குப் பின்னாலேந்து நகந்து நகந்து வந்து நிக்கற எடம் அது. யாரைக் கேட்டு என் தப்பை உன் தலையில வாரிப் போட்டுக்கிட்டே?"

"சொன்னா உன்னை வேலைய விட்டு அனுப்பிடுவாங்க. நீ வீட்ல தனியா இருப்பே, நான் இங்க பாடிக்கிட்டு இருப்பேன். அம்மா காணாமப் போன அன்னைக்கு நான் எங்க இருந்தேன், சொல்லு. லாந்தரைத் தூக்கிக்கிட்டு மேடையில நின்னேன். இன்னொரு தரம் என்னால முடியாதுக்கா. அதுக்கு நானே விட்டுட்டு வந்துடறேன். உன்னோட வீட்ல இருக்கேன்."

இருவரும் அழுதோம். நான் பயந்துபோயிருந்தேன். அவளும் பயந்துபோயிருந்தாள். இத்தனை நாள் ஆளுக்கொரு பக்கம் ஒளித்து வைத்துக்கொண்டு பயந்தோம், இப்போது சேர்ந்து பயந்தோம். அதில் ஒரு சின்ன நிம்மதி இருந்தது, சொல்லக் கூடாது.

முகத்தைக் கழுவிக்கொண்டு நேராகக் கடிகாரத்திடம் போனேன். குட்டி பின்னாலேயே ஓடி வந்தாள். "தப்பு எல்லாம் என்னோடது. எனக்கு எங்கம்மாவோட வியாதி வந்திருக்கு" என்றேன். சொல்லி முடிக்கும்வரை குரல் நடுங்கவில்லை, அது எனக்கே ஆச்சரியம். "ஆபீஸ்ல நீங்களே போய்ச் சொல்லுங்க. இவ பாடட்டும். துணி மாட்ட வேற ஆளைப் போடுங்க. ஆனா அந்த நாற்காலியை மட்டும் எடுத்துடாதீங்க."

அவர் எழுந்து நின்றார். "அதை எவன் எடுப்பான்?" என்றார்.

குட்டியின் இடம் அவளுக்கே நின்றது. நிழல் பழையபடி நிழலானாள். என்னிடம் வந்து, "நல்லவேளைக்கா, எனக்கு அந்தப் பாட்டுல அழுகையே வராது" என்றாள். நல்ல பெண். டாக்டரிடம் போனோம். காகிதத்தைக் கொடுத்து ஒரு கடிகாரம் வரையச் சொன்னார். "எங்க அரங்கத்துல ஒருத்தர் இருக்காரு, அவரை வரையட்டுமா?" என்றேன். டாக்டர் சிரிக்கவில்லை. நான் வரைந்து கொடுத்ததைப் பார்த்துவிட்டுக் குட்டியும் சிரிக்கவில்லை.

இப்போது நான் தினமும் திரை இழுக்கிறவருக்குப் பக்கத்தில் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறேன். இருட்டில் வேறு ஒருத்தி கொக்கி கழற்றுகிறாள். மெதுவாகத்தான் கழற்றுகிறாள், என்னத்தைச் சொல்ல. சுற்று தொடங்கும். குட்டி திரும்பி இருட்டைப் பார்ப்பாள். நான் உதட்டை இறுக்கி மூடிக்கொண்டு இடது கையைத் தூக்கிக் காட்டுவேன். இருக்கேன், பாடு. இரண்டாவது சுற்றிலேயே பாட்டை எடுத்துவிடுகிறாள்.

பயம் போய்விட்டதா என்றால், இல்லை. காலையில் எழுந்ததும் முதலில் அதுதான் எழுந்து உட்காருகிறது. முதல் நாடகத்தில் அவளுக்கு மஞ்சள் சட்டை, தூணுக்குப் பின்னால் நின்றாள், அம்மா முழங்கை என்று ஏதோ சொன்னாள்… சொல்லிவிட்டேனா? சொல்லியிருப்பேன். இப்படித்தான் ஆகிறது. ஒரு நாள் அந்த நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு, வெளிச்சத்தில் பாடுகிற அந்த அம்மாள் யார் என்று தெரியாமல் பார்த்துக்கொண்டிருப்பேன். அவள் என்னைத் தேடுவாள். தேடிக்கொண்டே நிற்பாள், சுற்று சுற்றிக்கொண்டே இருக்கும். அதுதான் இப்போது என் பயம்.

அதற்குத்தான் பழகுகிறேன். அம்மாவிடம் பார்த்திருக்கிறேன், தலை போனாலும் கை இருக்கும். குட்டியிடம் சொல்லிவிட்டேன், பாத்திரம் கழுவும்போதும், துணி காயப்போடும்போதும், நேரம் காலம் பார்க்காமல் அந்த நாலு அடி மெட்டை முணுமுணுக்க வேண்டும் என்று. கேட்டதும் நான் கையில் இருப்பதைப் போட்டுவிட்டுக் கையைத் தூக்க வேண்டும். இரண்டு தட்டு உடைந்தது. போகட்டும்.

நேற்று மத்தியானம் சாப்பிட்டுவிட்டு அப்படியே கண்ணயர்ந்துவிட்டேன். விழித்துப் பார்த்தால் குட்டி பக்கத்தில் உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறாள். கண் சிவந்திருந்தது.

"நீ தூங்கறப்ப அந்த மெட்டைப் பாடிப் பாத்தேன்க்கா" என்றாள். "தூக்கினே."

"எந்தக் கை?" என்று கேட்டேன்.

"இடது" என்றாள்.